எட்டுத் தலைகள்

ஒன்பது மணி என்றால் ஒன்பதே காலுக்கு வருவார்கள்.
எட்டுப் பேர். அதற்கு மேல் ஏற்ற உரிமம் இல்லை,
எனக்கு ஆசையும் இல்லை.
காற்றடைத்த விளிம்புள்ள படகு, இருமும் என்ஜின்,
நிழலுக்கு ஒரு கித்தான்.
ஒரோசேய் வளைகுடாவில் எனக்கு வேலை இரண்டு:
பாறையில் உரசாமல் போவது,
ஒவ்வொரு குளியலுக்குப் பிறகும்
தலை எண்ணுவது.

இன்றைக்கு
ஒரு பல் மருத்துவர், அவருடைய இரண்டு பெண்கள்,
ஒரே தொப்பியை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டு
ஒரு வார்த்தை பேசாத போலந்துத் தம்பதி,
டூரினில் டிராம் ஓட்டி ஓய்வு பெற்றவர், அவர் மனைவி,
பிறகு தொத்தோனி.

மலைக்காரர். தோல் பூட்ஸ், தடித்த கால்சட்டை.
துண்டுகூட எடுத்து வரவில்லை.
பாலாடைக்கட்டிக் கூட்டுறவின் குலுக்கலில்
முதல் பரிசு குளிர்சாதனப் பெட்டி.
இவருக்கு விழுந்தது இரண்டாம் பரிசு.
நான்.

பறவைக்குப் பதினைந்து கிலோமீட்டர், அவ்வளவுதான் அவர் வீடு.
ஐம்பத்து நான்கு வயதில் இன்றுதான் கடலில் கால்.
நடுப்பலகையில் உட்கார்ந்து கயிற்றை
முரட்டுக் கிடாயின் கொம்பைப் போல் பிடித்திருக்கிறார்.
எல்லோரும் தண்ணீரின் நிறத்துக்கு வாய் பிளக்க
இவர் மட்டும் அண்ணாந்தே வருகிறார்.

வழக்கமான இடத்தில் என்ஜினைத் தணித்து
வழக்கமான வாக்கியத்தைச் சொன்னேன்:
"அதோ, துறவி. முக்காடு தெரிகிறதா?"
கேமராக்கள் உயர்ந்தன.
"துறவியா?" என்றார் தொத்தோனி
தொண்டைக்குள் கல் உருளும் அந்த மலைப் பேச்சில்.
"உப்புத் தட்டு. மேலே தட்டையாக இருக்கும்.
ஆடுகளுக்கு உப்பு வைக்கிற இடம்."

பதினேழு வருடம் அதன் அடியில் போய் வந்திருக்கிறேன்.
அதற்கொரு மேல்பக்கம் உண்டென்று
ஒருநாளும் தோன்றியதில்லை.

மதியம் தர்ப்பூசணி, மொறமொற ரொட்டி, கடைப் பாலாடைக்கட்டி.
ஒரு துண்டை முகர்ந்து, ஒன்றும் சொல்லாமல்
தட்டிலேயே திரும்ப வைத்தார்.
பிறகு மெல்லக் கேட்டார்:
உப்புத் தட்டுக்கு நேர் கீழே என்ன இருக்கிறது?

பதினைந்து பதினாறு வருடமாம். பெட்டை ஆடு, சாம்பல் நிறம்.
விளிம்பைத் தாண்டியதைத்தான் பார்த்தார்,
விழுந்ததை அல்ல.
குப்புறப் படுத்துக் காதைக் கொடுத்துக் கிடந்தாராம்.
சத்தம் வரவே இல்லை.

எனக்குத் தொழில் இரண்டாம் வருடம் அப்போது.
படகன்றி யாரும் எட்ட முடியாத கூழாங்கல் திட்டில்
ஓர் ஆடு நின்றது.
அந்தக் கோடை முழுக்கத் தர்ப்பூசணித் தோலை
நாங்கள்தான் வீசிக்கொண்டிருந்தோம்.
அக்டோபர் புயலுக்குப் பிறகு திட்டும் இல்லை.

சொன்னேன்.
கயிற்றை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார்.
"எந்தக் காதில் வெட்டு?"

இடது என்றிருக்கலாம்.
ஐம்பது ஐம்பது. ஒரு மனிதருக்குத் தூக்கம் வந்திருக்கும்.
"கவனிக்கவில்லை" என்றேன்.
தலையசைத்தார், விலை படியாத சந்தையில் அசைப்பதுபோல்.

கடைசிக் கரையில் எல்லோரும் குதித்தார்கள்.
தொப்பிக்காரர்கள்கூட, தொப்பியோடு.
எண்ணினேன். ஏழு.
வயிற்றில் ஒரு குளிர்.
எட்டாவது, பூட்ஸைக் கையில் பிடித்துக்கொண்டு
கணுக்கால் தண்ணீரில் நின்று
திரும்பவும் மேலே பார்த்துக்கொண்டிருந்தது.

நான்கு மணிக்குக் காற்று திரும்பியது. நனைந்தபடி வந்து சேர்ந்தோம்.
டிராம் ஓட்டியவர் ஐந்து யூரோ வைத்துப் போனார்.
தொத்தோனி கை குலுக்கினார்.
உப்பு காய்ந்த கை, என்னுடையதைப் போலவே சொரசொரப்பு.

மறுநாள் வேறு எட்டுப் பேர்.
துறவி என்று கை நீட்டினேன்.
கை கொஞ்சம்
உயரமாகப் போய்விட்டது.