மணலிடம் பொய் சொல்லக் கூடாது

எங்கள் சங்கத்தில் நாற்பத்தொரு பேர்.
அட்டையில் 'நிலம் இணக்குநர், மூன்றாம் நிலை' என்றிருக்கும்.
வங்கியில் கடன் கேட்டுப் போனால்
அந்தத் தொழிலுக்குக் கணினியில் கட்டம் இல்லை.
'இதர' என்று போட்டுக்கொள்வார்கள்.

துவாஸ் முனைக்கு இரவு இரண்டு மணிக்குப் படகு வரும்,
வயிறு நிறைய வேற்றூர் மணலோடு.
கொட்டியதும் அது நிலமாகிவிடாது.
புல்டோசர் எத்தனை முறை தடவிக் கொடுத்தாலும்
விடிந்து பார்த்தால்
தான் வந்த ஆற்றின் திசையில்
ஒரு முழம் நகர்ந்திருக்கும்.

அப்போதுதான் எங்களைக் கூப்பிடுவார்கள்.

காலணியைக் கழற்றி, தலைக்கவசத்தைக் கழற்றாமல்
(அது தள மேலாளரின் விதி, எங்களுடையதல்ல)
கணுக்கால் புதைய இறங்கி நிற்போம்.
மணல் முதலில் சூடு கேட்கும். உள்ளங்காலைக் கொடுப்போம்.
அப்புறம் பேர் கேட்கும். சொல்வோம்.
அதற்கப்புறம்தான் கேள்விகள்.
மேலே என்ன கட்டப் போகிறீர்கள்?
கிடங்கு என்றால் உதிர்ந்து காட்டும்.
பள்ளிக்கூடம் என்றால் சட்டென்று இறுகும்.

நூராய்னி ஆற்று மணலைச் சீட்டியடித்தே படுக்கவைப்பாள்.
செங் லியாங் கடலடிச் சேற்றை ஹொக்கியனில் வைவான்,
அது சிரித்துச் சிரித்துக் கெட்டிப்படும்.
எனக்கென்று வாய்ப்பது பிடிவாத மணல்.

சங்கப் புத்தகத்தில் பதினேழு விதிகள்.
பதினாறை யாரும் திறந்துகூடப் பார்ப்பதில்லை.
முதல் விதி தலைப்பில் இருக்கிறது.

தர்மசேனன் பொய் சொன்னான்.
திறப்பு விழாவுக்கு நாள் குறித்துவிட்ட அவசரம்.
'கொஞ்ச நாளைக்குத்தான்' என்றான்.
ஆண்டுக்கொரு முறை அந்த நடைபாதையில்
நாற்பது ஓடுகள் எழுந்து நிற்கின்றன,
விடைபெற வந்தவர்களைப் போல.
அவனுக்கு இப்போது அலுவலகத்தில் கோப்பு அடுக்கும் வேலை.

போன செவ்வாய்க்கிழமை ஒரு படகு.
கறுத்த, பெருவெட்டு மணல். இடையிடையே சிப்பித் தூள்.
சூட்டை வாங்கிக்கொண்டது. பேரை வாங்கிக்கொண்டது.
கட்டடத்தைப் பற்றி ஒரு சொல் கேட்கவில்லை.
'நீ எங்கே இருக்கிறாய்?' என்றது.

மரீன் பரேட், பதினோராம் மாடி.

'அங்கே முன்பு?'

கடல்.

'அந்த மண்ணை யார் இணக்கினார்கள்?'

எனக்கு முந்தியவர்கள்.

'என்ன சொல்லி?'

அலை திரும்பும் நேரம்.
மேற்பார்வையாளர் இரண்டாவது முறை ஹார்ன் அடித்துவிட்டார்.
நெற்றி வேர்வை கண்ணில் இறங்கியது.
தெரியாது, என்றேன்.

இத்தனை வருடத்தில் நான் வேலையில் சொல்லாத சொல்.
பதினேழு விதிகளில் எதுவும் அதைத் தடுக்கவில்லை.
பாதத்துக்கடியில் பருக்கை பருக்கையாக
நெருக்கமாவதை உணர்ந்தேன்.
காலை உருவ
செங் லியாங் கடப்பாரை கொண்டுவர வேண்டியிருந்தது.
எல்லோரும் கைதட்டினார்கள். கோப்பி-ஓ வாங்கித் தந்தார்கள்.

விடிகாலை ஐந்தே முக்காலுக்கு வீடு.
மின்தூக்கிப் பக்கம் போகாமல்
புளோக்குக்குப் பின்னால், துணிக்கொடிகளுக்குக் கீழே
புல்லில் காலணியைக் கழற்றினேன்.
கூட்டிக்கொண்டிருந்த துப்புரவாளர்
ஏதோ விரதம் என்று நினைத்து ஒதுங்கிப் போனார்.

வெகுநேரம் ஒன்றுமில்லை.
அது என் சூட்டைக் கேட்கவில்லை,
முப்பது வருடமாக வாங்கிக்கொண்டிருக்கிறது.
பேரையும் கேட்கவில்லை.

படகில் வந்த மணல் இல்லை இது.
இதே தீவின் செம்மண். பிடோக் பக்கத்துக் குன்று.
வெட்டி, உருட்டி, கடலுக்குள் தள்ளியது.

கேட்டது:
'குன்று அங்கேதானே இருக்கிறது?'

தெரியாது என்று சொல்ல வாயெடுத்தேன்.

தினமும் அந்த வழியாகத்தான் என் பஸ்.