பத்தரை மணிக் கையெழுத்து

நோட்டீஸ் கொண்டுவந்த ஏட்டு
மைப்பெட்டியைத் திறந்து என் கட்டைவிரலைப் பிடித்தார்.
உருட்டினார். இன்னொரு தடவை உருட்டினார்.
காகிதத்தில் ஒரு கருப்புப் பொட்டு. ரேகை இல்லை.
பதினோரு வருஷம் முந்திரி உடைத்த கை,
ஓட்டெண்ணெய் தின்றுவிட்டது.
"நீதான்னு எப்படிம்மா சொல்றது?" என்றார்.
அஞ்சலாட்சி என்று எழுதிக் கொடுத்தேன்.
மூன்றாம் வகுப்பு எழுத்து. போதும்.

நாளைக்கு மஞ்சக்குப்பம் வரணும்.
கலிவரதன் ஜாமீன் கேட்கிறான்.
கொடுக்கலாமா கூடாதா என்று
என்னையும் கேட்கணுமாம், சட்டமாம்.

தராசில் இரண்டு கிலோ குறைகிறது என்றேன்.
நான் சொன்னது அவ்வளவுதான்.
அவன் சொன்னது
எஃப்.ஐ.ஆரில் இரண்டாம் பக்கம்.
எழுதும்போது ரைட்டர் மூன்று தடவை கேட்டார்,
"அதே வார்த்தையா? சரியாச் சொல்லு."
என் வாயாலேயே என்னை
மூன்று தடவை அப்படிக் கூப்பிட்டேன்.
ஐந்து கிலோ எடைக்கல் தோளில் விழுந்தது
மூன்றாம் பக்கம்.

கோர்ட்டில் அந்த வார்த்தை வந்த இடத்தில்
இரண்டு வக்கீலும் ஒரே மாதிரி இருமினார்கள்.
மேற்படி வார்த்தை என்று தாண்டிப் போனார்கள்,
சாக்கடை தாண்டுகிறவர்கள்
வேட்டியைத் தூக்கிக்கொள்வதுபோல.

நாற்பத்து நான்கு நாள் உள்ளே இருந்துவிட்டான்,
அம்மாவுக்குச் சர்க்கரை,
சாட்சியைக் கலைக்க மாட்டான் என்றார் அவன் வக்கீல்.
ஜட்ஜம்மா கண்ணாடியை இறக்கி என்னைப் பார்த்தார்.
"உங்களுக்கு ஆட்சேபணை இருக்கா?"

ராத்திரி முழுக்க அடுக்கி வைத்திருந்தேன்.
தண்ணீர்க்குழாய் அவன் வாசலில் என்பது,
என் பெண் டியூஷன் முடிந்து
எத்தனை மணிக்கு அந்த வழியே வருவாள் என்பது,
எல்லாம்.
வாயில் வந்தது: "இருக்குங்க."
மேலே சொல்வேன் என்று காத்திருந்தார்.
ஃபேன் சுற்றியது.
அடுத்த கேஸ்காரர் செருப்பைக் கழற்றிவிட்டு வந்து நின்றார்.
எழுதிக்கொண்டார்கள்:
பாதிக்கப்பட்டவர் கேட்கப்பட்டார்.

ஜாமீன் கொடுத்தார்கள்.
தப்பு என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை.
என் அண்ணன் மகன் செய்யாத திருட்டுக்கு
கேப்பர் மலையில் ஐந்து மாசம் கிடந்தான்,
பிணைக்குச் சொத்துள்ள ஆள்
எங்கள் தெருவில் ஒருத்தரும் இல்லாமல்.
அப்போது ஜாமீன் ஜாமீன் என்று
வக்கீல் வாசல்களில் அலைந்தவள் நான்தான்.

கலிவரதனுக்கு இரண்டு பேர் வந்தார்கள்.
ஒருத்தர் அவன் மாமன்.
இன்னொருத்தர் தனகோட்டி முதலாளி,
அவர் கம்பெனித் தராசைத்தான் நான் கேட்டது.
தோப்புப் பட்டாவை நீட்டினார்.
சர்வே நம்பரைப் படித்தபோது எந்தத் தோப்பு என்று தெரிந்தது.
வடக்கு மூலையில் நாலு மரம்
அரைக்கூலிக்கு நான் நட்ட கன்று.

தினமும் காலை பத்தரைக்கு
ஸ்டேஷனில் கையெழுத்துப் போடணும் என்பது நிபந்தனை.

மறுநாளே கூடையோடு போய்
ஸ்டேஷனுக்கு எதிரே புளியமரத்தடியில் உட்கார்ந்தேன்.
பலாச்சுளை, பத்து ரூபாய்க்கு ஐந்து.
முந்திரிக் கம்பெனியில் இனி யார் சேர்ப்பார்கள்?
வருவான். பைக்கை என் கூடைக்கு முட்டுகிற மாதிரி நிறுத்துவான்.
உள்ளே டீ போகும். வெளியே வருவான்.
ஒருநாள் சுளை வாங்க ஆள் அனுப்பினான்.
விற்றேன். எண்ணித்தான் கொடுத்தேன், குறையாமல்.

வீட்டுக் காலண்டரில் நாளுக்கு ஒரு கோடு.
பதினேழாம் தேதியில் கோடு இல்லை.
அன்றைக்குப் பன்னிரண்டு மணிவரை
ஈ ஓட்டிக்கொண்டு இருந்தேன்.
பண்ருட்டியில் கல்யாணமாம்,
அந்த நேரம் மொய் எழுதிக்கொண்டிருந்தானாம்.
ஸ்டேஷன் நோட்டில் பதினேழுக்கு நேராக
அவன் கையெழுத்து இருக்கிறது என்கிறார் ரைட்டர்.
"நீ என்ன, கணக்குப்பிள்ளையா?"

முதலில் தராசு. இப்போது நோட்டு.

காலண்டரை ஆணியோடு பிடுங்கிச் சுருட்டிக்கொண்டு
நெல்லிக்குப்பம் வழி போகிற பஸ்ஸில் ஏறிவிட்டேன்.
பலாப்பால் பிசுக்கு, நோட்டு விரலை விடமாட்டேன் என்றது.
எங்கம்மா என்றார் கண்டக்டர்.
கோர்ட் ஸ்டாப், ஒண்ணு.