எட்டாவது ரீல்

பதினான்கு தகர டப்பாக்களில் பதினொன்று கிடைத்ததாம்
கும்பகோணத்தில், பூட்டிக் கிடந்த ஒரு லாரி ஷெட்டில்.
மூடிமேல் சாக்பீஸில் 'அழிக்க' என்று எழுதியிருந்ததாம்.
அழிக்க வேண்டியவனுக்குச் சம்பளம் போகவில்லை போலும்.
படத்தின் பேர் வருமிடம் மட்டும் காடியாய்ப் புளித்துக்
கரைந்துவிட்டது. மற்றதெல்லாம் துல்லியம்.

கதை சின்னது.
நெல் கொள்முதலுக்கு எழுத்தனாய் வருகிறான் ஒருவன்,
அக்குளில் அரசாங்கப் பணப்பை.
முள்ளியாறு கடலைத் தொடுமுன் களைத்துப் படுக்கிற கடைமடை.
கடைசி பஸ் போய்விட்டது.
"அதனாலென்ன சார், ஒரு ராத்திரிதானே" என்கிறது ஊர்.

எங்கள் ஊரில் யாரும் யாரையும் கெடுத்ததில்லை.
உபசரிப்போம்.
கள்ளுக்கடை திறந்திருந்த வருஷம் அது.
வேண்டாமென்றால் எங்கள் முகம் வாடிவிடும்.
சீட்டுக்கு ஒரு கை குறைகிறது, உட்காருங்க.
நாலாம் நாள் பையில்
மூட்டை தைக்கும் சணல் மட்டும் இருக்கிறது,
அவன் தோள்மேல் நாலு பேர் கை இருக்கிறது.

எழுபத்து மூன்றில் மூன்றே நாள் ஓடியது.
"ஊரைக் கேவலப்படுத்திட்டான்" என்று
கொட்டகைத் திரையைக் கிழித்தவர் மில்காரர் ஐயாக்கண்ணு.
இன்று அவர் பேரன் கவுன்சிலர்.
படத்தைக் கழுவி மீட்டுவந்த ஷமீமாவுக்குச் சால்வை போர்த்தினார்.
கல்யாண மண்டபம். இருநூறு பிளாஸ்டிக் நாற்காலி.
வெள்ளைத் துணிக்குப் பின்னால் இன்னும் கழற்றாத
நேற்றைய மாப்பிள்ளையின் தெர்மாகோல் பேர்.

எட்டாவது ரீலில் உப்பளம், இரவு.
பெட்ரோமாக்ஸ் முன்னால் போகிறது, தடிகள் பின்னால்.
சைபீரியாவிலிருந்து வந்திறங்கிய உள்ளான்கள்
வெளிச்சம் பட்டதும் நின்றுவிடும்.
பறக்காது. அவ்வளவுதான் வித்தை.

கதைப்படி, வைக்கோல் திணித்த நாலு பறவை.
கதைப்படி, இரண்டு நிமிஷம்.
டைரக்டர் 'கட்' என்றார், அப்புறம் கத்தினார்,
அப்புறம் கையெடுத்துக் கும்பிட்டார்.
கேமராக்காரர் நிறுத்தவில்லை.
பாத்தியோரம் குனிந்து எழுத்தன் வாந்தியெடுப்பதை
"என்ன நடிப்பு பாருங்க" என்றாள் ஷமீமா.
நான் திருத்தவில்லை.

"ஏய், எங்க சித்தப்பா!" முதல் விசில்.
"தடி ஓங்குறது யாரு, நம்ம நாடிமுத்துதானே?"
அடிக்கு ஒரு பேராய் எழுந்தது மண்டபம்.
செத்துப்போன அப்பன்களெல்லாம் இளந்தாரியாய்ச் சிரிக்க
பிள்ளைகள் செல்போனைத் தூக்கிப் பிடித்தார்கள்.
மூன்றாம் வரிசையில் ஒருத்தி அழுதாள்.
பறவைக்காக இல்லை.
"எங்கப்பா முகத்த இன்னைக்குத்தான் பாக்குறேன்,
ஒரு போட்டோகூட இல்ல எங்ககிட்ட."
அவர் கையில் துடித்துக்கொண்டிருந்ததை அவள் பார்த்தாளா,
தெரியாது. கேட்கிற விஷயமா அது.

பதினோராவது ரீலோடு முடிந்தது.
தலைமயிரில் இறகு ஒட்டியிருக்க எழுந்து உட்காருகிறான்.
பஸ் ஹாரன். வெறும் வெள்ளை.
"ஏறினானா இல்லையா?" என்று பின்னாலிருந்து ஒரு குரல்.
கேசரி வந்துவிட்டது, யாரும் பதில் சொல்லவில்லை.

"ஷூட்டிங்கில் இருந்தவங்க யாராவது?" என்றாள் ஷமீமா.
கைகளைத் தொடைக்கடியில் வைத்துக்கொண்டேன்.
அப்போது ஒன்பது வயது.
இரண்டு ரூபாயும் புரோட்டாவும் கொடுத்தார்கள்.
"ஆட்டாமப் பிடிடா தம்பி" என்றார் யாரோ.

ரீல் முழுக்க என்னைத் தேடினேன்.
நான் இல்லை. என் நிழல்கூட விழவில்லை.
வெளிச்சம் இருக்கிறது,
இடது ஓரத்திலிருந்து,
பெரியவர்களின் இடுப்புயரத்தில்,
கடைசிப் பறவை வரை
ஆடாமல்.