எழுத்து வராத இடம்

முரசுமோட்டைப் பொதுநோக்கு மண்டபத்தில்
வெள்ளைப் படங்கு கட்டி
ஊமைப்படம் போட்டார்கள்.
நூறு வருசப் பழசு, ஜேர்மன்காரருடையது.
ஜெனறேற்றருக்கு டீசல்:
மில் முதலாளி பரராசசேகரம் அன்பளிப்பு.
முன்வரிசையில் அவருக்கொரு குஷன் கதிரை.

டோர்ட்முண்டில் பதினொரு வருசம் கோப்பை கழுவி
திருப்பி அனுப்பப்பட்டவன் நான்.
ஊரில் டொச் தெரிந்த ஒரே வாய்.
மைக்கைத் தந்துவிட்டார்கள்.

முள்ளுக்கம்பி முறுக்கினது போல எழுத்துகள்.
வந்ததை வந்தபடி தமிழில் வாசித்தேன்.
பிரபுவின் மகள். குதிரைக்காரன்.
வைக்கோலுக்குள் மறந்துபோன ஒரு கையுறை.
குதிரை கனைத்த இடத்தில் சத்தமில்லை என்று
பெடியள் தாங்களே கனைத்தார்கள்.
முத்தம் வருமுன்பே ஒரு தாய்
பிள்ளையின் கண்ணைப் பொத்தினாள்.

பிரபு லாயத்துக்குள் வருகிறார்.
நெடுநேரம் உதடு அசைகிறது,
மீசை துடிக்கிறது.
அட்டையில் விழுந்ததோ மூன்றே சொல்:
இனி நீ போகலாம்.

நான் வாசித்தது வேறு.
"சிரட்டையில தேத்தண்ணி குடிச்சவனுக்கு
மூக்குப்பேணி கேக்குதோ?"

மண்டபம் சிரித்தது.
குஷன் கதிரை அசையவில்லை.
வசனம் அவருடையது.
பாதை திறந்திருந்த அந்த ஆவணியில்
நெல்லுக் காயவிடும் சீமெந்துத் தளத்தில்
தோளில் மூட்டையோடு நின்ற எனக்குச் சொன்னது,
ஒரு சொல் பிசகாமல்.

அவருக்கு இரண்டு கதிரை தள்ளி யோகமலர்.
மடியில் மகள்.

படத்தில் இப்போது ரயில் நிலையம்.
அவன் ஏறிவிட்டான்.
அவள் ஓடிவந்து சன்னலைப் பார்த்து
எதையோ சொல்கிறாள், திரும்பவும் சொல்கிறாள்.
அட்டை வரவில்லை.
புகைதான் வந்தது.

"என்ன சொல்லுறா அவ?"
பிள்ளை கேட்டது.
மைக்கைப் பிடித்தபடி நின்றேன்.
எழுதாததை வாசிக்க
எந்த நாட்டிலும் நான் பழகவில்லை.

இருட்டுக்குள் யோகமலர்,
பிள்ளைக்குத்தான் சொன்னாள்:
"இறங்கு எண்டு சொல்லுறா.
அவனுக்குத்தான் கேக்கேல்லை."

பிறகு டீசல் முடிந்தது.
முதலாளி எப்போது எழும்பிப் போனாரோ,
குஷனில் பள்ளம் மட்டும் இருந்தது.
யாரோ போன் வெளிச்சத்தில்
பிள்ளையின் ஒற்றைச் செருப்பைத் தேடினார்கள்.
"முடிவைச் சொல்லண்ணை" என்று பின்னாலிருந்து சத்தம்.

பின்னேரமே தனிய இருந்து
கடைசிவரை பார்த்திருந்தேன்.

டொச் மறந்துபோச்சு என்றேன்.