குஸ்கோவுக்குப் போகும் ஜெசிந்தாவுக்கு

முதல் நாள் ஒன்றும் செய்யாதே.
இதைத்தான் எல்லாரும் மறந்துவிடுகிறார்களாம்.
கேத்திக்காரி, எனக்கு மலை புதிதா என்பாய்.
தொட்டபெட்டா உச்சியில் நின்றுகொள்.
அங்கிருந்து மறுபடி மேட்டுப்பாளையம் ஆரம்பித்து
பர்லியார் தாண்டி ஏறு.
அந்த உயரத்தில்தான் குஸ்கோவில் விமானம் இறங்குகிறது.
பெட்டியை இழுத்து நாலடி வைப்பதற்குள்
நெஞ்சு ஸ்பிரேயர் மோட்டார் மாதிரி அடிக்கும்.
வெட்கப்படாமல் உட்கார்.
கோக்கா இலைத் தண்ணீர் தருவார்கள், குடி.
டஸ்ட் டீ குடித்த நாக்குக்கு அது
வைக்கோல் ஊறிய வெந்நீராக இருக்கலாம்.
அங்கேயே குடித்துவிட்டு வா.
ஓர் இலைகூடப் பையில் ஒட்டி வரக் கூடாது.

மஞ்சள் காய்ச்சல் ஊசி போட்டாயிற்றா?
கிண்டிக்குப் போய் வரிசையில் நிற்க வேண்டும்,
புறப்பட இன்னும் பத்து நாளாவது இருக்கும்போதே.
அந்த மஞ்சள் அட்டையைப் பாஸ்போர்ட்டோடு வை.
தொலைத்தால், திரும்பி வரும்போது
நம் ஆட்களே ஆறு நாள் அடைத்து வைப்பார்கள்.
என்னுடையது பீரோவில் இருக்கிறது.
ஆயுசுக்கும் செல்லுமாம்.

டாலர் நோட்டில் மடிப்போ கிழிசலோ இருந்தால்
கையால்கூடத் தொடமாட்டார்கள்.
சில்லறை வைத்துக்கொள், கழிப்பறைக்கும் காசு.
டாக்சியில் ஏறும் முன்பே பேரம் முடித்துவிடு,
குன்னூர் பஸ் ஸ்டாண்டு ஜீப்காரர்களிடம்
நீ பேசுகிற பேச்சே போதும்,
மொழி ஒரு பொருட்டில்லை.

வெள்ளிக்கிழமை கறி சாப்பிடமாட்டாய் அல்லவா,
‘சின் கார்னே’ என்று சொன்னால்
கறி இல்லாமல் கோழி போட்டுத் தருவார்கள்.
கோழி அவர்கள் கணக்கில் கறி இல்லை.
‘சின் போயோ’ என்றும் சேர்த்துச் சொல்.

சந்தையில் ஒருத்தி ‘பாப்பா, பாப்பா’ என்று கூவுவாள்.
பதறாதே, உருளைக்கிழங்கைச் சொல்கிறாள்.
ஊதா, கறுப்பு, பன்றிக்குட்டி ரோஸ்,
விரல் போல முறுக்கிக்கொண்டு சில.
நாம் இரண்டு ரகத்தோடு மல்லுக்கட்டுகிறோம்.
ஆசைப்பட்டு ஒன்றைக்கூட முந்தானையில் முடிந்து வராதே.
ஒரு நூற்புழுவைக் கட்டி அழுதே
நம் ஸ்டேஷனில் பாதிப் பேர் ரிட்டயர் ஆனார்கள்.
பார், தொடு, நோட்டில் எழுது,
கைகழுவிவிட்டு வா.

மூன்றாம் நாள் சாயங்காலம் போல
மூச்சு வழிக்கு வரும்போது
ஒரு வாசனை அடிக்கும்.
தைல மரம்தான்.
அங்கேயும் யாரோ கொண்டுபோய் நட்டிருக்கிறார்கள்.
அந்த நேரத்தில் வீட்டுக்கு போன் போடாதே,
அழுதுவிடுவாய், உன் மாமியார் பயந்துவிடுவார்.
இங்கே அப்போது விடியற்காலை.

திபெத்தியர் கடையில் வாங்கிய ஜாக்கெட்டை
ஆபீஸ் மேஜையில் வைத்திருக்கிறேன்.
ஜூன் அங்கே குளிர்காலம்,
பகலில் வெயில் தோலை உரிக்கும், ராத்திரி உறையும்.
கையுறை என் அளவு, உனக்குத் தொளதொளக்கும்,
உள்ளே காட்டன் சாக்ஸ் ஒன்றை மாட்டிக்கொள்.

எனக்கு வருத்தம் என்று டைரக்டர் சொன்னாராமே.
ஒன்றுமில்லை.
‘பிறந்த இடம்’ என்ற கட்டத்தில்
அப்புத்தளை என்று இருக்கிறது.
அப்பாவின் குடும்ப அட்டையில்
மண்டபம் முகாமின் முத்திரை பாதி அழிந்திருக்கிறது.
மீதிப் பாதியைக் கேட்டு
மூன்று தடவை விசாரணைக்கு வந்தார்கள்.
நல்ல மனுஷர்கள், டீ குடித்தார்கள்.
கோப்பு இன்னும் நகர்ந்துகொண்டிருக்கிறது,
உன் விமானம் அதைவிட வேகம்.

ஜாக்கெட்டின் இடது உள்பையில் ஒரு தாள் இருக்கும்.
எட்டு மாதம் ராத்திரி ராத்திரி
தமிழ் எழுத்தில் எழுதிப் படித்த ஸ்பானிஷ்.
தண்ணீர் எங்கே, எவ்வளவு விலை,
மெதுவாகப் பேசுங்கள், எனக்குத் தலை சுற்றுகிறது.
ஐந்தாவது வரி, ‘நீங்கள் எந்த ஊர்?’
யாராவது கட்டாயம் கேட்பார்கள்.
பதிலில் ஓர் ஊரை எழுதி அடித்து,
வேறொன்று எழுதி அதையும் அடித்திருப்பேன்.
ஓரத்தில் இடம் இருக்கிறது,
கேத்தி என்று எழுதிக்கொள்.