பதினோரு நொடி

விதோஷா மலையடியில், போயானா ஸ்டூடியோவின்
மூன்றாம் மாடித் திரையறை.
என் வேலை சுருக்கெழுத்து.
இருட்டிலும் எழுத வேண்டும்.
தோழர்கள் இருமினால் எழுத வேண்டாம்,
சிரித்தால் எழுத வேண்டும்,
யார் முதலில் சிரித்தார் என்றும்.

அறுபத்தாறு, மார்ச்.
அசென் கல்பகோவின் முதல் படம்.
பெர்னிக் உருக்காலை, இரவு ஷிப்ட்,
உலைவாய் சிவந்து கிடக்கிறது.
எதிரே ஒருவன் கையுறையைக் கழற்றிவிட்டுக்
கொட்டாவி விடுகிறான்.
அவசரமே இல்லாத கொட்டாவி.
வெள்ளி அடைத்த கடைவாய்ப் பல் தெரிகிறது,
கண்ணோரம் நீர் கோத்து நிற்கிறது.

ஐந்து தோழர்களும் கவனிக்கவில்லை.
உலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.
நல்ல உலைதான்.
எனக்கு வீட்டில் மூன்று மாதக் குழந்தை,
நான்கு இரவுகளாகத் தூக்கமில்லை.
அவன் வாய் திறந்தது,
என் வாயும் திறந்தது.
சத்தத்தோடு.

தலைவர் மிங்கோவ் திரும்பினார்.
என்னைப் பார்த்தார், திரையைப் பார்த்தார்,
மறுபடி என்னை.
"பின்னால் ஓட்டு" என்றார் ஆபரேட்டரிடம்.

அன்று மாலை நான் தட்டச்சு செய்தது:
தலைவர்: உழைக்கும் வர்க்கம் எதனால் சலித்திருக்கிறது?
இயக்குநர்: சலிக்கவில்லை. தூக்கம் வருகிறது.
தலைவர்: ஏன் வருகிறது?
இயக்குநர்: ராத்திரி என்பதால்.
முடிவு: பதினோரு நொடி நீக்கப்படுகிறது.

அதன் பிறகு ஆறு வருடம்
அவருக்குக் கதைப்படம் கொடுக்கவில்லை.
கேஸ் சிலிண்டரைத் திறப்பது எப்படி,
கூட்டுப் பண்ணைகளில் கோமாரி நோய்த் தடுப்பு.
மாடுகளின் வாயை அவ்வளவு அழகாக எடுத்திருந்தார்.
ஒரு மாடு நிதானமாகக் கொட்டாவி விட்டது,
எட்டு நொடி, நான் எண்ணினேன்.
யாரும் ஆட்சேபிக்கவில்லை.

பிறகு சரித்திரப் படம் கிடைத்தது.
கானின் படையாக
ராணுவத்திலிருந்து இரண்டாயிரம் பையன்களை அனுப்பினார்கள்.
ஏழாவது வரிசையில் ஒருவன் கைக்கடிகாரத்தோடு
ஒன்பதாம் நூற்றாண்டில் ஓடினான்.
பரிசு வந்தது. மூன்று அறை வீடு வந்தது.
பன்னிரண்டு வருடம் காத்திருக்க வேண்டிய லாடா
பத்தே நாளில் வாசலில் நின்றது.
அடுத்த படமும் குதிரை.
அதற்கடுத்ததும்.

எண்பத்துமூன்றில் மிங்கோவின் நாற்காலியில்
கல்பகோவ் உட்கார்ந்திருந்தார்.
அவர் முதுகு நன்றாகப் பொருந்தியது.
ராலிட்சா என்ற பெண்ணின் படம் ஓடியது.
மருந்துக்கடை வரிசையில் நிற்கும் ஒருத்தி
மருந்தையும் வாங்கிக்கொண்டு
வெளியே வந்து அழுகிறாள்.
"இந்த அழுகைக்குக் காரணம் என்ன?"
என்று கேட்டார் அவர்.

என் பென்சில் நின்றது.
அறையில் அது நின்ற சத்தம் கேட்டது.
"எழுதுங்கள்" என்றார், திரும்பாமல்.
எழுதினேன்.
நாற்பது நொடி.
அவள் வர்னாவுக்குப் போய்ப்
பொம்மலாட்ட அரங்கில் திரை இழுத்தாளாம்.

இப்போது ஸ்டூடியோவை வெளிநாட்டுக்காரர்கள்
வாடகைக்கு எடுத்து வாள் சுழற்றுகிறார்கள்.
போன நவம்பரில் பேருந்து நிறுத்தத்தில்
அவரைப் பார்த்தேன். எண்பது தாண்டிவிட்டது.
லாடா எப்போதோ போய்விட்டது,
கையில் வெங்காயத்தாள் துருத்தும் பை.
பேருந்து நாற்பது நிமிடமாக வரவில்லை.

"அன்றைக்கு இருட்டில் விட்டது நீங்கள்தானே" என்றார்.
நான்தான் என்றேன்.
"என் படம் ஒரு ஆளையாவது தொட்டதென்றால்
அது அந்த ஒருதரம்தான்.
மற்றதெல்லாம் கைதட்டல்."
கோபமில்லை. அதைச் சொல்லத்தான்
இத்தனை வருடம் வைத்திருந்தார் போல.

மன்னிப்பு கேட்க வாயெடுத்தேன்.
வந்தது வேறு:
"ராலிட்சாவை அப்புறம் எப்போதாவது பார்த்தீர்களா?"

பேருந்து வரும் திசையையே பார்த்தார்.
பிறகு கையை வாய்க்குக் கொண்டுபோய்
பெரிதாக ஒரு கொட்டாவி விட்டார்.

எனக்குத் தொற்றவில்லை.