மு.சா.ஏக.

பித்தளை ஒருபக்கம்,
எவர்சில்வர் ஒருபக்கம்,
வெள்ளி மட்டும் பாயில்.
நெற்குப்பை வீட்டின் இரண்டாங்கட்டில்
பாகப்பிரிவினை.
பங்காளி என்ற முறையில் சாட்சிக்கு
என்னையும் அழைத்திருந்தார்கள்.

எங்கள் பக்கம் கரண்டிக்கும் விலாசம் உண்டு.
அண்டாவின் கழுத்தில், தட்டின் விளிம்பில்
உளி கொத்திய புள்ளிகளாய்
யார் மகன், யார் பேரன்.
எழுத்தைப் பார்த்து அடுக்கினால்
வழக்கே வராது என்பான் அண்ணன்.
'மு.சா.மு.' எல்லாம் அவனுக்கு.
'சி.உமை' என்று வெட்டியவை
ஆத்தா கொண்டுவந்தவை. அவை தங்கச்சிக்கு.

பிறகு ஒரு பால்கிண்ணி
துணிமுடிப்பிலிருந்து உருண்டு வந்தது.
கண்ணாடியை ஏற்றிக்கொண்டு கணக்கர் வாசித்தார்:
மு.சா.ஏக.
யாருங்க இது?

ஐயாவுக்கு இரண்டு பேர்.
பிறந்த வீட்டில் ஏகப்பன்.
ஒன்பது வயதில் இந்த வீட்டுக்குப் பிள்ளை வந்தபோது
முத்தையா.
வந்த பேர் அண்ணனுக்குப் போனது.
பிறந்த பேர் மிச்சமிருந்தது,
எனக்கு வைத்தார்கள்.
ஏகம் என்றால் ஒன்று.

மாமனார் பேரை வாயால் சொல்லமாட்டாள் ஆத்தா,
இரண்டு பேரையுமே.
அதனால் அண்ணன் பெரியவன், நான் சின்னவன்.
மூக்குத்தி முத்து அவளுக்கு வெள்ளைக்கல்.
ஏகாதசி, பட்டினி நாள்.
குடிக்கணக்கு எடுக்க வந்தவரிடம்
பக்கத்து வீட்டுச் சிகப்பியை விட்டு
எங்கள் பேரைச் சொல்லவைத்தாள்.

எனக்குப் பதினொன்று.
கண்டனூர் லெட்சுமணனுக்குப் பிள்ளையில்லை.
ஒரே கோயில்.
ஒரு மடக்கு மஞ்சள் நீர், கொஞ்சம் கசந்தது.
குடித்து நிமிர்ந்தபோது
நான் தேன.லெ.தேனப்பன்.
பள்ளிக்கூட ரிஜிஸ்தரில் சிவப்பு மையில் ஒரு கோடு.
நோட்டு அட்டை லேபிளை நானே கிழித்தேன்,
கோந்து விடாத இடத்தில்
'ஏக' மட்டும் நின்றது.

அந்த வருஷம் திருக்கார்த்திகைக்கு
நெற்குப்பைக்கு விருந்தாளியாய்ப் போனேன்.
வளவில் ஈரக் கையோடு நின்ற ஆத்தா
என்னைப் பார்த்து
'தேனப்பா' என்றாள்.

எந்த மாமனாரும் உள்ளே இல்லாத பேர்.
திரும்பத் திரும்பச் சொன்னாள்.
தேனப்பா, காப்பி குடி.
தேனப்பா, அந்த விளக்கை எட்டி வை.
தேனப்பா, மெலிஞ்சு போயிட்டியே.
பெற்றவள் என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட
நான் இன்னொருத்திக்குப் பிள்ளையாக
வேண்டியிருந்தது.

பின்னாளில் பாஸ்போர்ட் எடுக்கப் போனபோது
குடும்பப் பெயர் என்றொரு கட்டம்.
எந்தக் குடும்பம் என்று கேட்க வாயெடுத்து
லெட்சுமணன் என்று எழுதினேன்.
கோலாலம்பூர் விமான நிலையத்தில்
ஒலிபெருக்கி வைத்து அப்பச்சியைத் தேடினார்கள்.
அவர் செத்து ஆறு வருஷம்.
நான் எழுந்து போனேன்.

கணக்கர் இன்னும் கிண்ணியைத் திருப்பிக்கொண்டிருந்தார்.
இந்த விலாசத்துல அப்படி ஒருத்தர் இல்லையே?
தங்கச்சி பாயில் கோரையைப் பிய்த்தாள்.
அண்ணன் என்னைப் பார்த்தான்,
பிறகு தரையை.
'பொதுவுல போடுங்க.'

பொதுவில் விழுந்ததை எடைக்குப் போடுவார்கள்.
எழுபத்திரண்டு கிராம்.
அன்றைய வெள்ளி விலை, சேதாரம் கழித்து.
நானே எடுத்துக்கறேன் என்றேன்.

ரசீதுப் புத்தகத்தைப் பிரித்தார்.
பேர்?

தேன.லெ.தேனப்பன்.
எழுத்து எழுத்தாகச் சொன்னேன்.
பழைய எழுத்தை ராவிட்டு
உங்க விலாசத்தை வெட்டிக்கலாம்,
காரைக்குடியில ஆள் இருக்கு என்றார்.
பார்க்கலாம் என்றேன்.

கண்டனூர் பஸ்ஸில் சட்டைப்பையில்
அது நெஞ்சை முட்டிக்கொண்டே வந்தது.
எடுத்துப் பார்த்தேன்.
விளிம்பில், எழுத்துக்கு நேர் எதிரே
பல் பதிந்த நெளிவு ஒன்று.
அந்தப் பல் விழுந்து
அறுபது வருஷம்.